மூன்றாவது கார்டில் பதினேழாவது கிளிப்

ஆஸ்மாவுக்கு நாவலூரில் வேலை. ஆஸ்பத்திரிகளின் ஸ்கேன் படங்களைச் சேமித்து வைக்கும் கம்பெனி அது. அங்கிருந்து அனுப்பிய ஃபைல் இங்கே அப்படியே வந்து சேர்ந்ததா என்று சரிபார்ப்பது அவள் பொறுப்பு. கணவன் முபஷ்ஷிர் மாமல்லபுரத்தில் கல்யாண வீடியோ எடுப்பவன். அவன் கம்ப்யூட்டரில் ‘ஃபைனல்’, ‘ஃபைனல் புதுசு’, ‘இதான் ஃபைனல்’ என்று மூன்று ஃபைல்கள் இருந்ததை நிக்காஹ் முடிந்த பத்தாம் நாள் பார்த்தாள். அன்றே எல்லாவற்றுக்கும் புதுப் பெயர் வைக்க ஆரம்பித்தாள். தேதி, ஊர், கேமரா, கார்டு, கிளிப் என ஒவ்வொன்றுக்கும் ஒரு குறியீடு.

“இன்னா ஆஸ்மா, இது பேரா, லாரி நம்பரா?” என்று சிரித்தான் அவன்.

“சிரிங்க, சிரிங்க. ஒரு நாளைக்குத் தேடுவீங்கல்ல, அப்ப தெரியும்.”

செக்சம் பார்க்கவும் அவள்தான் பழக்கினாள். கார்டிலிருக்கும் ஃபைலைப் படித்து மென்பொருள் ஒரு நீளமான எண் கொடுக்கும். ஹார்ட் டிஸ்கில் இறங்கிய நகலுக்கும் அதே எண் வரவேண்டும். படத்தில் ஒரே ஒரு புள்ளி மாறினாலும் எண் மொத்தமாக மாறிவிடும்.

அந்த ஞாயிறு முபஷ்ஷிர் வீடியோ எடுத்தது ஹெலன் என்ற பெண்ணின் ரிசப்ஷன். ஹெலன் கட்டிக்கொண்டது ஹேமந்தை. ஹெலனின் அம்மா ரெஜினாவுக்கு அதில் சம்மதமில்லை. எட்டு மாதமாகப் பேச்சே கிடையாது. கல்யாணத்துக்கு வரமாட்டேன் என்று சொல்லியனுப்பியிருந்தாள். ஆனால் கூட்டம் கலைகிற நேரத்தில் வந்து நின்றாள். மறைமலைநகர் கம்பெனி கேண்டீனில் வேலை முடித்து, யூனிஃபார்ம் சேலையை மாற்றாமல் பஸ் பிடித்து வந்திருந்தாள். ஹெலன் மேடையிலிருந்து இறங்கி ஓடினாள். பக்கத்தில் கேமராவோடு இருந்தது முபஷ்ஷிர் ஒருவன்தான்.

திங்கள் காலை ஆறு மணிக்கு, அவனோடு சேர்ந்து தொழில் செய்யும் வரதன் வந்து கேமராவின் மெமரி கார்டுகளை வாங்கிக்கொண்டு செங்கல்பட்டில் ஒரு முகூர்த்தத்துக்குக் கிளம்பினான். ஹார்ட் டிஸ்கில் நகல் எடுத்தாயிற்றே என்று முபஷ்ஷிரும் கொடுத்துவிட்டான். ஏழு மணிக்கு டீ குடித்தபடி ஆஸ்மா எண்களை ஒப்பிட்டாள்.

“ஏங்க, ஒண்ணு ஒத்துவரல. மூணாவது கார்டு, பதினேழாவது கிளிப்.”

“சைஸ் கரெக்டா கீதே. தொறந்து பாரு, ஓடும்.”

ஓடியது. ரெஜினா வாசலில் நின்றாள். மகள் ஓடிவந்தாள். இரண்டாவது நிமிடத்தில் படம் பச்சைக் கட்டங்களாக உடைந்தது. அப்புறம் ஒன்றுமில்லை.

முபஷ்ஷிர் முகம் செத்துப்போனது. “வரதன் கார்ட ஃபார்மேட் பண்ணி அழிச்சிட்டான்னா போச்சு. அந்தம்மா இன்னொரு வாட்டியா வந்து நிக்கும்?”

வரதன் போனை எடுக்கவில்லை. ஆஸ்மா ஆபீஸுக்கு அரைநாள் லீவு சொல்லிவிட்டு லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டாள். திருக்கழுக்குன்றம் வழியாக பைக் பறந்தது. வழியெல்லாம் ஒரு கையால் அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டு மறு கையால் வரதனுக்குப் போன் அடித்துக்கொண்டே வந்தாள்.

“என்னையத் திட்டிடேன் ஆஸ்மா. சும்மா வர்றது பயமா கீது.”

“ரோட்டப் பாத்து ஓட்டுங்க. திட்டறத வூட்ல வச்சிக்கலாம்.”

மண்டபத்தில் மேளச் சத்தம் காதைப் பிளந்தது. மணமேடை ஓரத்தில் கேமராவோடு நின்ற வரதன் இவர்களைப் பார்த்துத் திகைத்தான்.

“இன்னா பாய், ரெண்டு பேருமா வந்துகினு கீறீங்க?”

“கார்டு! கார்ட இன்னா பண்ண?”

“மொத ரெண்டு ஃபார்மேட் பண்ணிட்டேன். கேமராவுல ஓடிக்கினு கீது.”

“மூணாவது?”

வரதன் சட்டைப் பையிலிருந்து எடுத்துக் கொடுத்தான். “தாலி கட்டறதுக்கு முன்னாடி போடலாம்னு வச்சிருந்தேன்.”

பந்திக்கு விரித்திருந்த வாழையிலையை ஒதுக்கிவிட்டு ஆஸ்மா லேப்டாப்பை வைத்தாள். மறுபடி காப்பி செய்து எண்ணைப் பார்த்தாள். ஒவ்வொரு இலக்கமாக விரல் வைத்து வாசித்தாள். கடைசி இலக்கமும் பொருந்தியபோது முபஷ்ஷிர் பெஞ்சில் தொப்பென்று உட்கார்ந்தான்.

“இனிமே நீ சொல்றவரைக்கும் கார்ட யாருக்கும் குடுக்கமாட்டேன். சத்தியமா.”

“மொதல்ல ஏதாச்சும் சாப்பிடுங்க,” என்று அவன் கையைப் பிடித்துக்கொண்டாள்.

அடுத்த வாரம் வீடியோ கொடுக்கப் போனபோது ஹெலன் வீட்டில் ரெஜினாவும் இருந்தாள். அந்த இடம் வந்தது. திரையில் ரெஜினா மகளை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “ஜிமிக்கி இன்னாடி திரும்பிக்கினு கீது?” என்று கேட்டு, அதை நேராக்கினாள். எட்டு மாதம் கழித்து அவள் பேசிய முதல் பேச்சு அது. அப்புறம்தான் இருவரும் அழுதார்கள்.

டி.வி. முன்னால் உட்கார்ந்திருந்த ரெஜினா கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

“தம்பி, இத இன்னொரு வாட்டி போடேன்.”

முபஷ்ஷிர் ரிமோட்டை ஆஸ்மாவிடம் கொடுத்தான். அவள் படத்தைப் பின்னுக்குத் தள்ளி, ரெஜினா வாசலுக்குள் நுழையும் இடத்திலிருந்து ஓடவிட்டாள்.