இந்த மாசம் மூணு, எடுத்து வச்சாச்சு

வீடியோ கேம் கன்ட்ரோலரில் சார்ஜ் இல்லை.

மூன்றாவது முறையாகப் பொத்தானை அழுத்தினான். ஒரு முறை மின்னிவிட்டு அணைந்து போனது. கட்டிலுக்கு அடியில் கையை விட்டுத் துழாவினான். பழைய டார்ச், கிரீஸ் படிந்த ஸ்பேனர் பை, ஒற்றைச் செருப்பு. சார்ஜர் ஒயரை மட்டும் காணோம். கூடத்தில் நாற்காலிகளை இழுத்துப் போடும் சத்தம். அப்பாவை ஏற்றிக்கொண்டு ஆஸ்பத்திரி வேன் நாலு மணிக்கு வரும். இப்போது மணி மூன்று பத்து.

"டேய், எடுத்தாச்சா இல்லையா?" அக்கா கூடத்திலிருந்தே குரல் கொடுத்தாள்.

"ஒயர் தேடறேன்கா!"

"கேம் பெட்டியைத் தூக்கிட்டு வாடான்னா உள்ள போய்க் குடித்தனம் பண்றான். எல்லாரும் காத்துக்கிட்டு இருக்காங்க."

எல்லாரும் என்றால், அப்பாவோடு லிஃப்ட் கம்பெனியில் வேலை பார்த்த பத்துப் பன்னிரண்டு பேர். வேன் வரும்வரை கையை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் உட்கார்ந்திருந்தார்கள். அப்பாவுக்கு இருபது வருஷம் ஹெல்பராக இருந்தவர்தான் கிளப்பிவிட்டார். "அண்ணன் டிவியில ஒரு ஊரே கட்டி வச்சிருக்காராமே, அதைக் கொஞ்சம் காட்டும்மா." காலையிலிருந்து அழுது வீங்கின முகத்தோடு அக்கா சட்டென்று எழுந்துவிட்டாள். "தம்பி போட்டுக் காட்டுவான்."

தம்பி என்றால் அவன்தான்.

போட்டுவிட்டால் தீர்ந்தது கதை. அந்தப் பெட்டி, கடைசியாக எந்த அக்கவுன்ட்டில் இருந்ததோ அதில்தான் திறக்கும். நேற்று செவ்வாய்க்கிழமை, மாதத்தின் முதல் செவ்வாய். அப்படியென்றால் அது அவனுடைய அக்கவுன்ட்டில்தான் திறக்கும். திரையின் ஓரத்தில் அவனுடைய மெசேஜ் எல்லாம் வரிசை கட்டி நிற்கும். அதில் ஒரு க்ரூப் இருக்கிறது. அந்த க்ரூப்பில் அவன் எழுதிய ஒரு வரி இருக்கிறது. நாற்காலிக்காரர்கள் உட்காரும் தூரத்திலிருந்து பார்த்தாலும் படிக்கிற அளவுக்கு, அரை சுவர் அகல டிவி.

போன் வழியாக அழித்துவிடலாம் என்று காலையிலேயே பார்த்தான். பாஸ்வேர்ட் கேட்டது. பாஸ்வேர்டைக் கடைசியாக மாற்றியது அப்பா. அப்பாவைக் கேட்க முடியாது.

ஒயர் தலையணைக்குப் பின்னால் இருந்தது. செருகினான். அப்பாவின் அறையிலிருந்த சின்ன டிவி உயிர் பெற்றது. அப்பாடா என்று பெருமூச்சு விடுவதற்குள் நீலத்தில் ஒரு பட்டை வந்து நின்றது.

அப்டேட் ஆகிறது. பாதியில் அணைக்க வேண்டாம். ஒன்பது சதவீதம்.

"அடப்பாவி!" என்றான், யாரை என்று தெரியாமல்.

பட்டை நகர்வதைப் பார்த்துக்கொண்டு கட்டில் விளிம்பில் உட்கார்ந்தான். சுவர்க் காலண்டரில் ஒவ்வொரு மாதமும் முதல் செவ்வாயைச் சுற்றி சிவப்பு வட்டம்.

எல்லாம் இந்த கேம் சந்தாவில் ஆரம்பித்தது. வருஷ சந்தா அவன் பெயரில். சந்தா இருந்தால் மாதாமாதம் இரண்டு மூன்று விளையாட்டு இனாம். ஆனால் நாமாகப் போய் எடுத்துச் சேர்த்து வைக்க வேண்டும். அந்த மாதத்தில் எடுக்காவிட்டால் போயே போச்சு. வேலைக்கு வேறு ஊருக்குப் போகும்போது அவன் புதுப் பெட்டி ஒன்று வாங்கிக்கொண்டு, பழையதை அப்பாவிடம் விட்டுப் போனான். ரிட்டயர் ஆன மனிதருக்கு ஒரு பொழுதுபோக்கு. ஒரு மாதம் எடுக்க மறந்தான். அடுத்த மாதமும் மறந்தான். அப்பா போனில் பிடித்துக்கொண்டார்.

"குடுக்கறவன் மாசாமாசம் வாசலுக்கே வந்து குடுத்துட்டுப் போறான். கை நீட்டி வாங்க உனக்கு வலிக்குதா? பாஸ்வேர்டைக் குடு, நான் பாத்துக்கறேன்."

குடுத்தான். அன்றிலிருந்து ஆறு வருஷம், ஒரு மாதம் தவறவில்லை. லிஃப்ட் சர்வீஸுக்குப் போகிற மாதிரி, முதல் செவ்வாய் காலை ஆறு மணிக்கு மகனுடைய அக்கவுன்ட்டில் நுழைவார், எடுப்பார், போன் அடிப்பார். "இந்த மாசம் மூணு. எடுத்து வச்சாச்சு." அவ்வளவுதான் பேச்சு. நேற்றும் அடித்தார். அவன் தூக்கத்தில், "சரிப்பா, அப்புறம் பேசறேன்" என்று வைத்துவிட்டான். ஏழு மணிக்கு, வாக்கிங் போகக் குனிந்து ஷூ லேஸ் கட்டியவர் நிமிரவில்லை.

"கடைசியா உன்கிட்ட என்னடா பேசினார்?" என்று வந்ததும் அக்கா கேட்டாள். "சாதாரணமாத்தான் பேசினார்" என்று சொல்லிவைத்தான்.

நாற்பத்தோரு சதவீதம்.

எட்டு மாதத்துக்கு முன்னால், நாலு பேர் சேர்ந்து கப்பல் ஓட்டும் ஒரு விளையாட்டு இனாமாக வந்தது. ஆபீஸ் சிநேகிதர்கள் மூன்று பேரோடு ஞாயிற்றுக்கிழமை அவன் ஆட ஆரம்பித்தான். ஒரு வாரம் மூன்றாவது ஆள் வரவில்லை. காலியிடம் பார்த்து அப்பா உள்ளே வந்துவிட்டார். தன் அக்கவுன்ட்டுக்கு அவர் வைத்துக்கொண்டிருந்த பெயர் 'லிஃப்ட்காரர்'. மைக்கில் குரல் கணீரென்று விழுந்தது. "தம்பி, எதை அமுக்கணும்? சதுரமா, வட்டமா? பெல்ட்டு கழண்ட மோட்டார் மாதிரி சுத்துதே!" ஐந்தே நிமிஷத்தில் கப்பலைப் பாறையில் ஏற்றினார். சிநேகிதர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

அப்பா எல்லாரையும்தான் தம்பி என்பார். அவர்களுக்கு ஒன்றும் புரிந்திருக்காது. அவனுக்குத்தான் காது மடல் சுட்டது. ஆபீஸில் அவன் சொல்லியிருந்தது, "அப்பா இன்ஜினியர். லிஃப்ட் டிசைன்." சிநேகிதர்களில் ஒருவனான நெட்டை க்ரூப்பில் எழுதிக் கேட்டான்: "யார்ரா இந்தப் பெரிசு? உனக்குத் தெரிஞ்சவரா?"

அவன் எழுதினான்: "எவனோ. ஃப்ரீ கேம்னா கண்டவனும் உள்ள வந்துடறான். தூக்கிடறேன்."

ஆட்டத்திலிருந்து தூக்கினான். இரண்டு நிமிஷத்தில் போன் வந்தது. "லைன் கட் ஆயிடுச்சு போலயே தம்பி?"

"ஆமாப்பா. நெட் பிரச்சினை."

அதன்பிறகு அவன் விளையாடவில்லை. வேலை ஜாஸ்தி என்று எல்லாரிடமும் சொன்னான். போனிலிருந்த ஆப்பையும் எடுத்துவிட்டான். ஒரே ஒரு விஷயம் மட்டும் அவனுக்கு ரொம்ப நாள் கழித்துத்தான், அதுவும் பல் தேய்த்துக்கொண்டிருக்கும்போது, உறைத்தது. மாதாமாதம் அப்பா நுழைவது அவனுடைய அக்கவுன்ட்டில். அந்த வரி அங்கேதான் கிடக்கிறது.

பார்த்திருக்க மாட்டார் என்று சொல்லிக்கொண்டான். நேராகப் போவார், எடுப்பார், வெளியே வந்துவிடுவார். மெசேஜ் பக்கமெல்லாம் அவருக்கு எங்கே தெரியப்போகிறது?

கதவு திறந்தது. அக்கா. பின்னாலேயே ஹெல்பர்.

"இன்னும் என்னடா பண்றே?"

"அப்டேட்டுக்கா. தொடக் கூடாது."

"அதான் முடிஞ்சு போச்சே" என்றார் ஹெல்பர். நூறு சதவீதம். பெட்டி தானாகவே அணைந்து நின்றது. அவன் கை நீட்டுவதற்குள் அவர் ஒயர்களைக் கழற்றிக் கழுத்தில் போட்டுக்கொண்டு பெட்டியை மார்போடு அணைத்துத் தூக்கிவிட்டார். "நகருங்க தம்பி. பதினாறு மாடிக்கு மோட்டார் சுமந்தவன் நான்."

கூடத்து டிவியில் மாட்ட அவருக்கு முப்பது விநாடி போதுமானதாக இருந்தது.

அவன் டிவிக்கு முன்னால் மறைத்துக்கொண்டு நின்றான். திரை வெளிச்சம் முதுகில் விழுந்தது. திரும்பிப் பார்த்தான். அவன் படம், அவன் பெயர். நடுவில் மூன்று புது விளையாட்டு, ஒவ்வொன்றின் கீழும் 'சேர்க்கப்பட்டது'. ஓரத்தில் மெசேஜ் பட்டி மெதுவாக விரிந்துகொண்டிருந்தது. கையிலிருந்த கன்ட்ரோலரில் ஒரே அமுக்கு. அக்கவுன்ட் மாறியது. பட்டி மறைந்தது.

யாரும் பார்க்கவில்லை. சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது.

"கண்ணாடியால செஞ்ச உடம்பாடா உனக்கு? நகரு" என்றாள் அக்கா.

நகர்ந்தான். திரையில் அப்பாவின் ஊர் எழுந்து நின்றது. ஏதோ ஒரு மாதத்து இனாம் விளையாட்டுத்தான். நேரான தெருக்கள், நேரான வீடுகள். ஒவ்வொரு வீட்டின் பக்கத்திலும் கம்பிக் கூண்டு ஒன்று ஏறி இறங்கிக்கொண்டிருந்தது.

"ஒத்தை மாடி வீட்டுக்கு எதுக்குய்யா லிஃப்ட்?" என்றார் ஒருவர்.

"அண்ணன் ஊர்ல படிக்கட்டே கிடையாது" என்றார் ஹெல்பர். "அவருக்கு முழங்கால் வலி."

கூடமே சிரித்தது. அக்காகூடச் சிரித்தாள். ஊரின் நடுவில் இருப்பதிலேயே உயரமான கட்டடம். நாலு லிஃப்ட். வாசலில் பெயர்ப்பலகை: 'தம்பி ஆபீஸ்'. அவன் திரையைச் சட்டென்று பக்கத்துத் தெருவுக்கு நகர்த்தினான். அங்கே ஒரு லிஃப்ட் நின்றுபோயிருந்தது. அதன் மேல் ஒரு அட்டை.

"லிஃப்ட் பழுது. சிரமத்துக்கு வருந்துகிறேன்" என்று ஹெல்பர் சத்தமாகப் படித்தார். "பாத்தீங்களா, இங்கேயும் போர்டு மாட்டிட்டாரு! கம்பெனி போர்டை என்னிக்கும் தொங்கவிட மாட்டாரு. ஒரு அட்டையை எடுத்துத் தன் கையாலதான் எழுதுவாரு. 'நம்மாலதானேடா அவங்க படி ஏறப்போறாங்க, நாமதான் சொல்லணும்'பாரு." சொல்லிவிட்டு மூக்கைத் துடைத்துக்கொண்டார்.

வாசலில் மாலையோடு யாரோ நின்றுகொண்டிருந்தார்கள். நெட்டை. ஆபீஸிலிருந்து பஸ் பிடித்து வந்திருக்கிறான். செருப்பைக் கழற்றக் குனிந்தவன் அப்படியே நின்று திரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். திரையின் மேல் மூலையில் வெள்ளை எழுத்தில் 'லிஃப்ட்காரர்'.

நெட்டை மாலையை அக்காவிடம் கொடுத்தான். சொல்ல வேண்டியதைச் சொன்னான். பிறகு அவனைத் தோளில் தொட்டுச் சமையலறைக்குப் பின்னால், துணி துவைக்கும் மிஷின் பக்கம் கூட்டிப் போனான்.

"டேய்… அவரா இவரு?"

தலையை மட்டும் ஆட்டினான்.

"எவனோன்னியேடா."

மிஷினுக்குள் அப்பாவின் வாக்கிங் சட்டை நனைந்தபடி கிடந்தது கண்ணாடி வழியாகத் தெரிந்தது. யாரும் வெளியே எடுத்துப் போடவில்லை.

"நாங்க ஒண்ணும் கிண்டல் பண்ணலைடா" என்றான் நெட்டை. "ஜாலியா இருந்துச்சு அன்னிக்கு. அதான் அடுத்த வாரமும் வருவாரான்னு கேட்டேன். அதுக்கு நீ என்னவோ ஆபீஸ் நோட்டீஸ் மாதிரி பதில் போட்டியே. படிச்சுட்டு எங்களுக்கு ஒரு மாதிரி ஆயிடுச்சு. அப்புறம் கேக்கலை."

"நான் எங்கடா பதில் போட்டேன்?"

"போட்டியே. காலங்காத்தால."

"நான் அந்தப் பக்கமே போகலைடா அதுக்கப்புறம்."

நெட்டை அவனைப் பார்த்தான். என்னவோ புரிந்தமாதிரி இருந்தது. கைக்குட்டையை எடுத்து, தேவையில்லாமல் மூக்குக் கண்ணாடியைத் துடைக்க ஆரம்பித்தான்.

தெருவில் வேன் ரிவர்ஸ் எடுக்கும் சத்தம் கேட்டது. நாற்காலிகள் ஒரே நேரத்தில் பின்னுக்குத் தள்ளப்பட்டன. அவன் கூடத்துக்கு வந்தபோது எல்லாரும் வாசலுக்குப் போய்விட்டிருந்தார்கள். காலி நாற்காலிகளுக்கு முன்னால், ஆள் இல்லாத ஊரில் லிஃப்ட்டுகள் மட்டும் ஏறி இறங்கிக்கொண்டிருந்தன.

கன்ட்ரோலரை எடுத்தான். அக்கவுன்ட்டை மாற்றினான். அவன் படம். அவன் பெயர். ஓரத்துப் பட்டியைத் திறந்தான். அதுவரை அழிப்பதற்கென்று தேடிய க்ரூப், ஏழு மாதமாக யாரும் எதுவும் எழுதாமல், கீழே கிடந்தது.

அவன் வரி அப்படியே இருந்தது. எவனோ. அதற்குக் கீழே, அடுத்த ஞாயிறு, நெட்டை: "அந்தப் பெரிசு இன்னிக்கு வருவாரா? செம ஆளுடா."

அதற்குக் கீழே இன்னும் ஒன்று. அவன் பெயரில், அவன் படத்தோடு. அனுப்பிய நாள், மாதத்தின் முதல் செவ்வாய். நேரம், காலை ஆறு நாலு.

"டேய், எங்கடா இருக்கே?" வாசலிலிருந்து அக்காவின் குரல் உடைந்து வந்தது. "அப்பா வந்துட்டார்டா. வந்து ஒரு கை பிடி."

அவன் படித்துக்கொண்டிருந்தான்.

'அவர் யாரோ தெரியாதவர். வழி தவறி வந்துவிட்டார். இனி வர மாட்டார். சிரமத்துக்கு வருந்துகிறேன்.'