பிணம் சிரிக்க வேண்டும்

கோடம்பாக்கத்தில் ஆசீர்வாதத்துக்குக் கிடைத்ததெல்லாம் பிண வேஷம்தான். மூச்சை அடக்குவதில் அவனை மிஞ்ச ஆளில்லை. பெரிய பெரிய ஹீரோக்கள் அவன் மேல் விழுந்து அழுதிருக்கிறார்கள். திருவிடைமருதூர்ப் பக்கம் தன் ஊருக்கு வந்துவிட்டால் அவன் அளக்கிற அளப்பில் அந்த ஹீரோக்களே தோற்றுப்போவார்கள். வடபழனியில் ஒரே அறையில் ஐந்து பேரோடு படுத்து எழுவதை மட்டும் சொல்ல மாட்டான்.

சினிமாக்காரர்களிடம் ஒரு வழக்கம் உண்டு. பிணமாக நடித்தவன், காட்சி முடிந்ததும் கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட வேண்டும். இல்லாவிட்டால் நடித்தது பலித்துவிடுமாம்.

ஐப்பசியில் படப்பிடிப்பு அவன் ஊர் ஆற்றங்கரைக்கே வந்தது. சோறு கொண்டுபோன அவன் மனைவி ஃபிளோராவையே பிணத்தின் பக்கத்தில் அழ உட்கார்த்தினார்கள். மாலையும் மூக்கில் பஞ்சுமாகப் புருஷனைப் பார்த்ததும் அவள் மார்பில் அடித்துக்கொண்டு கதறிவிட்டாள். நடிப்பா அது! ஒப்பாரி ஓய்வதற்குள் மழை பிடித்துக்கொள்ள, கேமராவை மூடிக்கொண்டு ஓடினார்கள். ஆசீர்வாதம் சிரிக்காமலே எழுந்து சாப்பிட உட்கார்ந்தான்.

அன்றோடு அவளுக்குத் தூக்கம் போயிற்று. கண்ணை மூடினால் அவன் கிடந்த கோலம். பங்குச்சாமியாரிடம் சொன்னால் திட்டுவார். மாதாவுக்கு மெழுகுவர்த்தி ஏற்றியும் மனம் ஆறவில்லை. சென்னைக்குத் திரும்பியவனைப் போனில் நச்சரித்தாள்.

"என்னங்க, அதே வேஷத்துல ஒரு தடவை சிரிச்சிடுங்களேன்."

"அரண்டவ கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்தான்டி. சரி, அடுத்த பொணத்துக்குச் சேத்துச் சிரிச்சிடுறேன்."

கார்த்திகை மழையில் ஊரில் கரண்டும் இல்லை, டவரும் இல்லை. அந்த நேரத்தில்தான் ஆம்புலன்ஸ் வந்து வாசலில் நின்றது. கூட வந்த அறைத் தோழன் ஜெக்கரியா, "லாரி மோதிருச்சு அண்ணி" என்றான்.

ஃபிளோரா அழவில்லை. இந்த அழுகையை அவள் ஏற்கெனவே அழுதுவிட்டிருந்தாள்.

கண்ணாடிப் பெட்டியைச் சுற்றிப் பெண்கள் செபமாலை சொல்லிக்கொண்டிருந்தபோது டவர் வந்தது. மடியில் போன் அதிர்ந்தது. முந்தின நாள் ஆசீர்வாதம் அனுப்பிய வீடியோ. மாலையும் பஞ்சுமாக அசையாமல் கிடந்தான். பிறகு கண்ணைத் திறந்து பல் தெரியச் சிரித்தான்.

"போதுமா ஃபிளோரா? இனியாவது நிம்மதியாத் தூங்கு."

ஜெக்கரியா தலையைக் குனிந்துகொண்டான். "ஷூட்டிங் முடிஞ்சும் இத எடுக்கத்தான் அண்ணி நின்னாரு. அதுக்குள்ள கம்பெனி வேன் போயிருச்சு. என் பைக்கை வாங்கிட்டுத் தனியாக் கிளம்புனாரு."

அவள் பெட்டிக்குள் பார்த்தாள். இங்கேயும் மாலை, இங்கேயும் பஞ்சு. வீடியோவை மறுபடி போட்டாள்.

"போதுமா ஃபிளோரா?"

"போதுங்க" என்று கண்ணாடியைத் தட்டினாள். "எந்திரிங்க."