பிழையாக வாசிப்பவன்

பிழைகளைப் பாலேந்திரா முன்கூட்டியே குறித்து வைத்துவிடுவான். செவ்வாய்க்கிழமை மாலை வகுப்புக்குப் போகுமுன், தன் முறைக்கு வரக்கூடிய பந்திகளைப் பார்த்து, எந்தச் சொல்லில் தடக்குவது, எதை இரண்டாந்தரம் சொல்லித் திருத்துவது என்று பென்சிலால் புள்ளி வைப்பான். பிறகு அந்தப் புள்ளிகள் மீதே சந்தேகம் வரும். ஜெர்மனைப் புதிதாகப் படிக்கிறவன் இந்த இடத்திலா தடக்குவான்? பக்கத்துக் கதிரையில் இருக்கும் ஓய்வுபெற்ற தபால்காரர் எங்கே தடக்குகிறார் என்று கவனித்து, அவருடைய பிழைகளைக் கொஞ்சம் மாற்றித் தன்னுடையதாக்கிக்கொள்வான்.

அவனுக்கு ஜெர்மன் நன்றாகத் தெரியும். சிக்கலே அதுதான். தென் ஜெர்மனியில் ஓர் அகதி விடுதியில் இரண்டு வருடம் இருந்தவன். அங்கே விண்ணப்பம் மறுக்கப்பட்டதும், எண்பத்தைந்து தை மாதம் டென்மார்க்குக்குள் வந்து, கிழக்கு பெர்லினில் விமானத்தால் இறங்கி நேரே இங்கு வந்ததாகப் பொலிசில் சொல்லியிருந்தான். இடையில் வேறொரு நாட்டில் தங்கியது தெரிந்தால் அங்கேயே திருப்பி அனுப்பிவிடுவார்கள். அங்கிருந்து கொழும்புதான்.

டென்மார்க்கின் ஹொல்ஸ்டெப்ரோ நகரத்தில் அவனோடு அறையைப் பகிர்ந்திருந்த நேசரட்ணத்துக்கு இந்த வகுப்பு பிடிக்கவேயில்லை. நேசரட்ணம் விசா கிடைத்து இறைச்சித் தொழிற்சாலையில் வேலை செய்பவர்.

"உலகத்தில வேற வகுப்பு இல்லையோ? சமையல் இருக்கு, தையல் இருக்கு. ஒளிச்சுத் திரியிற நீ பொலிஸ் ஸ்டேசன் வாசலில கடலை விக்கிற மாதிரியெல்லோ கிடக்கு."

"பாதியில விட்ட புத்தகம் அண்ணை."

"பாதியில விட்ட கலியாணம் எண்டாலும் ஒரு நியாயம் இருக்கு."

நூலக அறிவிப்புப் பலகையில் 'நவீன ஜெர்மன் எழுத்தாளர்கள்: வாழ்வும் எழுத்தும்' என்ற தலைப்பின் கீழ் மார்ட்டா பிரெண்டல் என்ற பெயரைக் கண்டதும், ஜெர்மன் தெரியாதவனாக அந்த வகுப்பில் சேர்ந்துவிட்டான். ஹிட்லர் காலத்தில் ஹம்பேர்க்கிலிருந்து தப்பி, டென்மார்க்கின் மேற்குக் கரையில் ஒளிந்திருந்து எழுதியவள். அவளுடைய நாவலில், அகதிப் பெண்ணொருத்தி உச்சரிப்பு காட்டிக்கொடுத்துவிடும் என்று பயந்து, ஒரு மீனவக் கிராமத்தில் ஊமையாக நடிக்கிறாள். விடுதியில் அகராதியை வைத்துக்கொண்டு அதை வாசிக்கத் தொடங்கியவன், ரயில் டென்மார்க் எல்லையை நெருங்கியபோது, கையில் ஜெர்மன் புத்தகம் இருந்தால் பிடிபடுவோம் என்று கழிவறைக் குப்பைத்தொட்டிக்குள் திணித்துவிட்டான். மீதிப் பாதி அங்கேயே போயிற்று.

வகுப்பை நடத்தியவள் கீர்ஸ்டன். முப்பது வயதைத் தாண்டாதவள். அகதிகளுக்கு உதவும் சங்கத்தில் பாலேந்திராவுக்குத் தொடர்பாளராகத் தானே பெயர் கொடுத்து, அலுவலகங்களுக்கெல்லாம் கூடப் போய் வருபவள். முதலில் ஒரு பாட்டு, பிறகு கோப்பி, வாரம் ஒருவர் கொண்டுவரும் கேக், அதன் பிறகு ஆளுக்கொரு பந்தி வாசிப்பு. இதுதான் வகுப்பின் ஒழுங்கு.

கார்த்திகையில் ஒரு செவ்வாய் அந்த ஒழுங்கு பிசகியது. பிரதியெடுக்கும் இயந்திரம் பழுதாகியிருந்ததால், முன்கூட்டித் தரவேண்டிய பக்கங்களைக் கீர்ஸ்டன் அன்று கையிலேயே கொண்டுவந்தாள். பாலேந்திராவின் பக்கத்தில் ஒரு புள்ளிகூட இல்லை. அவன் இதுவரை வாசிக்காத பகுதி அது.

ஊமைப் பெண் கடையில் நிற்கிறாள். அவளிடம் அன்பான கடைக்காரர் மாப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பின்பக்கமாகவே நடந்து வருகிறார். அவருக்குப் பின்னால் நிலவறைக் கதவு திறந்து கிடக்கிறது. கத்தினால் அவர் தப்புவார். கத்தினால் அவள் யாரென்று தெரிந்துவிடும். பாலேந்திரா வாசித்துக்கொண்டே போனான். என்ன நடக்கப் போகிறது என்ற பதைப்பில் தடக்க மறந்துபோனான். பக்கம் அந்த இடத்திலேயே முடிந்தது. தலையை நிமிர்த்தியபோது எல்லோரும் அவனையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

தபால்காரர் கோப்பையைக் கீழே வைத்தார். "மூன்று வருடமாக இந்த வகுப்புக்கு வருகிறேன். இனி நான் கேக் மட்டும் கொண்டுவந்தால் போதும்போல் இருக்கிறது."

எல்லோரும் சிரித்தார்கள். கீர்ஸ்டனின் கண்கள் கலங்கியிருந்தன. "இதை எங்கே படித்தீர்?"

"வானொலி கேட்பேன். கசெட்டும் இருக்கிறது."

அவள் நம்பினாள். நம்பாமல் விட்டிருந்தால் ஒருவேளை வாயை மூடிக்கொண்டிருந்திருப்பாள்.

அடுத்த வாரம் பொலிஸ் விசாரணை. கீர்ஸ்டன் கூடவே வந்தாள். ஓகூஸ் நகரத்திலிருந்து வந்த தமிழ் மொழிபெயர்ப்பாளர் ஒரு பக்கம், அவள் மறுபக்கம். அதிகாரி பழைய கேள்விகளையே கேட்டார். பாலேந்திரா பழைய பதில்களையே சொன்னான். விசாரணைக் கோப்பை மூடப் போனவர், வழக்கத்துக்காக, வேறு ஏதாவது சொல்ல இருக்கிறதா என்று கேட்டார்.

"எனக்கு இருக்கிறது" என்றாள் கீர்ஸ்டன். "இவர் ஒரு வருடத்துக்குள் டேனிஷ் படித்திருக்கிறார். அதோடு மூன்றே மாதத்தில் ஜெர்மன். இப்படி ஒருவரை இந்த நாடு இழக்கக்கூடாது."

"ஜெர்மனா?" அதிகாரி ஜெர்மனியை ஒட்டிய தென் எல்லைப் பக்கத்து ஆள்; அந்த மொழி அவருக்குப் பழக்கம்.

கீர்ஸ்டன் பையிலிருந்து அந்தப் பக்கத்தை எடுத்து நீட்டினாள். பாலேந்திரா வாசித்தான். முதல் வரியில் தடக்கினான், இரண்டாவதில் தபால்காரரைப்போல் ஒரு சொல்லை விழுங்கினான். அதிகாரி சிரித்துக்கொண்டு கோப்பில் கையை வைத்தார். பிழைத்தோம் என்று பாலேந்திராவுக்குப் பட்டது.

"பயப்படுகிறார்" என்றாள் கீர்ஸ்டன் விடாமல். "போன செவ்வாய் ஜெர்மன்காரன் மாதிரி வாசித்தார். முழு வகுப்பும் சாட்சி."

அதிகாரி சிரிப்பை நிறுத்திவிட்டு அவன் பக்கம் திரும்பினார். பிறகு பக்கத்து வீட்டுக்காரரைப்போல மெதுவாக, ஜெர்மனில் கேட்டார்: "அங்கே எவ்வளவு காலம் இருந்தாய்?"

விளங்காத கேள்வி என்றால் அவன் மொழிபெயர்ப்பாளரைத் திரும்பிப் பார்த்திருப்பான். பார்த்திருக்க வேண்டும். பாலேந்திரா தலை குனிந்தான்.

அதிகாரி பேனாவை எடுத்தார்.

நத்தார்ப் பண்டிகைக்கு முன்னே, அவனை ஜெர்மனிக்கே திருப்பி அனுப்புவதென்று முடிவு வந்தது. அவன் போகும் நாள் காலை நேசரட்ணம் சேட்டுகளை மடித்துப் பையில் வைத்தார்.

"நான் சொன்னனான்" என்று தொடங்கியவர் நிறுத்திக்கொண்டார். "கம்பளிச் சட்டை மேல கிடக்கு. அங்க குளிர் கூட."

"அங்கத்தைய குளிர் எனக்குத் தெரியும் அண்ணை."

"ஓம். தெரிஞ்சதாலதானே போறாய்."

ரயில் நிலையத்துக்குக் கீர்ஸ்டன் வந்திருந்தாள். கையில் அந்த நாவல். அவனுக்குக் காவலாகச் சாதாரண உடையில் வந்த பொலிஸ்காரர் நாகரிகமாகச் சற்றுத் தள்ளிப் போனார்.

"எனக்குத் தெரியாது" என்றாள் அவள். "என்னிடம் சொல்லியிருக்கலாமே."

"சொல்லியிருந்தால் எனக்காகப் பொய் சொல்லியிருப்பீர்களா?"

அவள் புத்தகத்தை அவன் கையில் வைத்தாள். "மீதியை நீர் வாசிக்க வேண்டும்."

ரயில் தெற்கே போனது. இனி ஒளிக்க ஒன்றுமில்லை. பாலேந்திரா மடியில் விரித்துவைத்து அந்தப் பக்கத்தைத் தேடிப் பிடித்தான். பெண் கத்தியிருந்தாள், ஜெர்மனில். கடைக்காரர் தப்பினார். நன்றிப் பெருக்கில் அன்று மாலையே வீடு வீடாகப் போய், ஊமைப் பெண்ணுக்குப் பேச்சு வந்துவிட்டது என்று சொல்லித் திரிந்தார்.

அதற்குமேல் அவன் வாசிக்கவில்லை. இறங்கும்போது புத்தகத்தை இருக்கையிலேயே விட்டுவிட்டு நடந்தான்.

மேடையில் பத்தடி போயிருக்கமாட்டான். பொலிஸ்காரர் மூச்சிரைக்க ஓடிவந்தார்.

"உம்முடைய புத்தகம்" என்று சிரித்தபடி அதை அவன் கையில் கொடுத்தார். "நல்லகாலம், நான் கண்டேன்."