ஐந்து ஐம்பத்தைந்துக்கு வந்தவர்கள்

1

ஒரு பிறந்தநாள் அழைப்பிதழிலிருந்து இந்தக் கதையைத் திருடினேன். ஆறு மணி என்று அச்சடித்திருந்தது. ஆறு மணிக்குப் போன ஒரே ஆள் நான். மீதியெல்லாம் கற்பனை.

2

டெல்சி லண்டனில் பிறந்து, அங்கேயே

(வேண்டாம், இரங்கல் குறிப்பு போல இருக்கிறது.)

டெல்சி இருபது வருடமாகப் பிரிட்டிஷ் தொலைக்காட்சிக்குக் குடும்ப நகைச்சுவைத் தொடர்கள் எழுதுகிறாள். ராசனைக் கட்டி ஜெர்மனியின் கெல்சென்கிர்ச்சனுக்கு வந்த பிறகும் லண்டனுக்கே எழுதினாள். அவள் எழுதிய குடும்பங்கள் எல்லாமே வெள்ளைக்காரக் குடும்பங்கள். இப்போதுதான் முதன்முறையாக ஒரு தமிழ்க் குடும்பத்தைக் கேட்டிருக்கிறார்கள்.

எழுதினாள். அழைப்பிதழில் ஆறு மணி. எட்டரைக்குத்தான் வரவேண்டும் என்பது தமிழர் எல்லோருக்கும் தெரியும். பக்கத்துவீட்டு ஜெர்மன் தம்பதிக்குத் தெரியாது. ஐந்து ஐம்பத்தைந்துக்கு வந்து, பூட்டிய மண்டபத்தின் வாசலில் பூங்கொத்தோடு நிற்கிறார்கள். சிரிப்பு. முடிவு.

அந்தத் தம்பதியை உண்மையிலேயே அப்படி அழைத்தவர் ராசனின் அக்கா சிவசக்தி. வெட்கத்தில் நடந்ததை டெல்சியிடம் மட்டும் சொல்லியிருந்தார்.

3

என் முதல் வரைவில் டெல்சி சிவசக்தியைக் கேட்காமலே லண்டனுக்கு அனுப்பிவிட்டாள். அந்த டெல்சியை எனக்குப் பிடிக்கவில்லை. ஆகவே இந்த வரைவில் சிவசக்தியின் வீட்டுக்குப் போய், தமிழில் சொல்லிக் காட்டுகிறாள். அவர் மறுத்தால், தன் சனத்தைப் பற்றி அவள் எழுதிய ஒரே கதை போய்விடும்.

"இது நான்தானே?"

"ஓம் மச்சாள். வேண்டாமெண்டா கிழிச்சுப் போடுறன்."

"இவ்வளவு நாளும் வெள்ளைக்காரரை வைச்சுச் சிரிச்சாய். இப்ப நான் அகப்பட்டிட்டன், என்ன?"

டெல்சி தாளைக் கிழிக்கப் போனாள்.

"மிச்சத்தை ஏன் எழுதேல்லை?"

"எந்த மிச்சம்?"

"நானே ஆறரைக்குத்தானே போனனான்! அந்த ஜெர்மன் மனிசன் கோட்டைக் கழட்டிப்போட்டு, சனம் இருக்க எண்பது கதிரை அடுக்கினவர். மனிசி பலூன் ஊதினவ. எங்கடை ஆக்கள் வரேக்கை அவை ரெண்டு பேரும்தான் வாசலிலை நிண்டு சந்தனம் குடுத்தவை. அதையும் போட்டா ஓம். இல்லாட்டி ஏலாது."

4

சிரிப்பு வந்த இடத்தில் நிறுத்துவதுதான் டெல்சியின் தொழில். இருபது வருடமும் அப்படியே நிறுத்தியிருக்கிறாள். அதற்குப் பிறகும் ஆட்கள் அங்கேதான் நின்றுகொண்டிருப்பார்கள் என்று அவளுக்குத் தோன்றியதே இல்லை.

பேனையை எடுத்தாள்.

"சந்தனத்தை எப்பிடிப் பூசிறதெண்டு அவைக்கு ஆர் காட்டினது, மச்சாள்?"

"ஒருத்தரும் இல்லை. அந்த மனிசன் எல்லாற்றை மூக்கிலையும் பூசிப்போட்டார்."

இருவரும் சிரிக்கிறார்கள். லண்டன் இதை ஏற்குமா என்று எழுத வேண்டியது நான்தான், எழுதப்போவதில்லை. கதிரை ஒன்றை இழுத்துப்போட்டு நீங்களும் கேளுங்கள். சிவசக்தி அக்கா இன்னும் சொல்லி முடிக்கவில்லை.