வாசலில் நிற்கும் வண்டி

"இன்னைக்கு ஒரு நாள் வண்டிய வேற எங்கயாவது நிறுத்திக்கிறியா?" என்று அண்ணன் கேட்டார். தங்கையின் முகத்தைப் பார்த்துக் கேட்கவில்லை, தட்டைப் பார்த்துக் கேட்டார்.

அவள் கையிலெடுத்த கவளத்தை அப்படியே தட்டில் வைத்தாள். வேலைக்குக் கிளம்பும் அவசரத்தில் சீருடையோடு உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தவள். சட்டைப் பையில் வண்டிச் சாவி.

"ஏன் அண்ணே?"

பதில் அடுப்படியிலிருந்து வந்தது. "சாயங்காலம் நம்ம பொண்ணு கல்யாணம் பேச மாப்பிள்ளை வீட்டுக்காரங்க வர்றாங்க. கல்யாண வீட்டு வாசல்ல சாவு வண்டி நின்னா அவங்க என்ன நினைப்பாங்க?"

"அது சாவு வண்டி இல்ல அண்ணி. சாகாம இருக்கறதுக்காக ஓடுற வண்டி."

"எல்லாம் ஒண்ணுதான்" என்றாள் அண்ணி. அதில் வன்மம் எதுவும் இல்லை. காலையில் வெயில் வரும் என்று நம்புவதுபோல அவள் அதையும் நம்பினாள்.

கணக்கு வாத்தியாரான அண்ணன் மட்டும் குனிந்த தலை நிமிரவில்லை. "இன்னைக்கு ஒரு நாள்தானேம்மா. ஞாயித்துக்கிழமை தெருக் கூட்டத்துல நான் பேசுறேன். எல்லாத்தையும் அங்க தீர்த்துடலாம்" என்றார். அவர் பேசுகிறேன் என்றதே அவளுக்குப் போதுமாக இருந்தது. வண்டியைக் கடைத்தெருவுக்குப் பின்னால் கொண்டுபோய் நிறுத்தினாள்.

அவள் வண்டி ஓட்டக் கற்றுக்கொண்டதற்கு ஒரு காரணம் இருந்தது. மில்லில் இயந்திரத்தில் மாட்டிக்கொண்ட அவள் கணவனை ஏற்றிப்போக ஒரு வண்டி கிடைக்கவில்லை. மூட்டை ஏற்றும் லாரியில் போட்டுக் கொண்டுபோனார்கள், வழியிலேயே போய்விட்டான். அண்ணன் மாடி அறையை ஒழித்துக் கொடுத்தார். அழுது ஓய்ந்தபின் அவள் ஓட்டுநர் உரிமம் எடுத்தாள், ஆஸ்பத்திரியில் ஆம்புலன்ஸ் ஓட்டும் வேலைக்குச் சேர்ந்தாள். தெருவில் முதலில் அவளுக்கு "டிரைவரம்மா" என்று பெயர். பிறகு "வண்டிக்காரி" ஆயிற்று. இப்போது அவள் காதுபட யாரும் சொல்லாத ஒரு பெயரும் இருந்தது. அதில் எமன் வருவான்.

அந்தத் தெருவில் பாதி வீடுகளில் வயதானவர்கள்தான். பிள்ளைகள் வேறு வேறு ஊர்களில். ஆஸ்பத்திரிக்கு அதிகமாக அழைப்பு வருவது இந்தத் தெருவிலிருந்துதான் என்பதால், வேலை முடிந்ததும் வண்டியை வீட்டு வாசலிலேயே வைத்துக்கொள்ளச் சொல்லியிருந்தார்கள். விஷயம் அவ்வளவுதான். ஆனால் தெரு தன் பங்குக்கு ஒரு கணக்குப் போட்டது. வண்டி வந்த வருஷத்தில் ஐந்து சாவு. அதற்கு முந்தின வருஷம் எத்தனை என்று யாரும் எண்ணிப் பார்க்கவில்லை. கட்டிய புருஷனையே முழுங்கியவள் ஓட்டுகிற வண்டி, வேறெப்படி இருக்கும்?

ஞாயிற்றுக்கிழமை, மேனேஜர் வீட்டுக் கார் ஷெட்டில் நாற்காலி போட்டிருந்தார்கள். வங்கியில் மேனேஜராக இருந்து ஓய்வுபெற்றவர். ஓய்வுக்குப் பிறகு தெருவுக்கு மேனேஜர். தொண்டையைச் செருமிக்கொண்டு ஆரம்பித்தார்.

"யாரையும் குத்தம் சொல்ல வரல. ஆனா கண்ணால பாக்குறோம் இல்லையா? வண்டி வந்துச்சு, வரிசையா ஆளுங்க போறாங்க. இதுக்கு மேல என்ன அத்தாட்சி வேணும்?"

"எங்கப்பா போனதும் அந்த வண்டியிலதான்" என்றான் தையல்காரன்.

அவள் எழுந்தாள். "உங்கப்பாவுக்கு எப்ப வேர்க்க ஆரம்பிச்சுதுண்ணே?"

தையல்காரன் மேனேஜரைப் பார்த்தான். "விடியக்காலை."

"என்னை எப்பக் கூப்பிட்டீங்க?"

"மத்தியானம்..."

"நான் எதிர் வீட்டு மாடியிலதான் இருந்தேன். ஒரு குரல் கொடுத்திருந்தா ஓடி வந்திருப்பேன். ஏன் கொடுக்கல?"

எல்லோருக்கும் தெரிந்த பதில்தான் அது. வாசலில் அந்த வண்டி வந்து நின்றால் கதை முடிந்தது என்று பயந்து, கஷாயமும் தைலமுமாகப் பாதி நாளைக் கழித்துவிட்டார்கள்.

"இதத்தான் சொல்றேன்" என்றாள் அவள். "வண்டியப் பாத்தா பயம். பயந்துகிட்டு கடைசி மூச்சு வரைக்கும் தள்ளிப் போடுறீங்க. தள்ளிப் போட்டதால ஆள் போறாங்க. ஆள் போனதும் வண்டி மேல இன்னும் பயம். எது எதைக் கொண்டு வருதுன்னு கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. மேனேஜர் சார், உங்க வீட்டம்மா மூச்சுத் திணறி இதே வண்டியிலதான் போனாங்க. மறுநாள் நடந்து வீட்டுக்கு வந்தாங்க. அதை ஏன் கணக்குல சேர்க்கல?"

"அது மாத்திரையில சரியாச்சும்மா" என்றார் மேனேஜர், கொஞ்சமும் கூசாமல்.

பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். அவள் அண்ணன் பக்கம் திரும்பினாள். அவளுக்கு நம்பிக்கை இருந்தது. பள்ளிக்கூடத்தில் கணக்கில் கோட்டைவிட்டு அவள் அழுதுகொண்டு வந்த நாட்களில், இதே அண்ணன்தான் பக்கத்தில் உட்காரவைத்து அந்தக் குடை கதையைச் சொன்னவர். தெருவில் குடை அதிகமானால் மழை அதிகமாகிறது. இரண்டும் சேர்ந்தே வருகின்றன. அதற்காகக் குடையையெல்லாம் பிடுங்கிப் பூட்டி வைத்தால் மழை நின்றுவிடுமா? வருஷா வருஷம் புது வகுப்பில் அதே கதையைச் சொல்லி, பிள்ளைகள் சிரிப்பதைக் கேட்டுவிட்டு வீட்டுக்கு வந்தும் சொல்வார்.

"அண்ணே, நீ சொல்லு. அந்தக் குடை கதையச் சொல்லு."

அண்ணன் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மாட்டினார். மறுபடி கழற்றினார். அவருக்குப் பக்கத்தில் மாப்பிள்ளையின் பெரியப்பா உட்கார்ந்திருந்தார். அவர் இந்தத் தெருவுக்குப் பின்தெருவில் குடியிருப்பவர் என்பது அப்போதுதான் அவளுக்கு உறைத்தது.

"பேச்சை வளர்க்க வேண்டாம்" என்றார் மேனேஜர். "வண்டி இந்தத் தெருவுல நிக்க வேண்டாம்ங்கறவங்க கையத் தூக்குங்க."

கைகள் எழுந்தன. தையல்காரனின் கை, மேனேஜர் மனைவியின் கை, பெயர் தெரியாத கைகள். கடைசியாக அண்ணனின் கையும் எழுந்தது. முழுசாக எழவில்லை. பதில் தெரியாத மாணவன் வாத்தியாருக்குப் பயந்து தூக்குவதுபோல, தோள் வரைக்கும் வந்து நின்றது.

அங்கே அவள் அழவில்லை. வீட்டுக்கு வந்து படியேறும்போது அண்ணன் பின்னாலேயே வந்தார்.

"கோவிச்சுக்காதம்மா. எனக்கு அதுல எல்லாம் நம்பிக்கை இல்லன்னு உனக்கே தெரியும். பொண்ணு கல்யாணம். இந்த நேரத்துல..."

"அதான் அண்ணே எனக்குத் தாங்கல. நம்புறவங்க கையத் தூக்கினாங்க, போகட்டும்னு விட்டுடலாம். நீ நம்பாமயே தூக்கின. உனக்குத் தெரியும். தெரிஞ்சே என்னை வித்துட்ட."

அடுத்த வாரமே அவள் மாடி அறையைக் காலி செய்தாள். கடைத்தெருவுக்கு அந்தப் பக்கம், ஆஸ்பத்திரி ஊழியர்களுக்கான அறை ஒன்று கிடைத்தது. வண்டியும் அவளோடு போயிற்று. தெரு நிம்மதியாக மூச்சு விட்டது.

அண்ணனுக்கு மட்டும் மூச்சு சரியில்லை. வகுப்பில் கரும்பலகையைப் பார்த்து நின்றவருக்குத் தலை சுற்றியது, மேஜையைப் பிடித்துக்கொண்டார். இன்னொரு நாள் படியில் கால் மடங்கியது. வெயில் என்றார், தூக்கமில்லை என்றார். "அவளைக் கூப்பிட்டு ஆஸ்பத்திரியில போய்க் காட்டலாமே" என்றாள் அண்ணி. "இந்த நேரத்துல அந்த வண்டி நம்ம வாசல்ல வந்து நிக்கணுமா? எல்லாம் கல்யாணம் முடியட்டும்" என்றார் கணக்கு வாத்தியார். அவர் அதை நம்பாதவர் என்பதை இங்கே ஒருமுறை நினைவுபடுத்திக்கொள்வது நல்லது.

ஒரு காலையில் குளியலறையில் விழுந்த சத்தம் கேட்டது. அண்ணி கதவைத் தள்ளிக்கொண்டு போய்ப் பார்த்தபோது முகம் வெளுத்துக் கிடந்தார். மகள் கார் பிடிக்கலாம் என்றாள். தையல்காரன் ஆட்டோ பிடிக்கலாம் என்றான். அண்ணி யாரையும் கேட்காமல் நாத்தனாருக்குப் போன் போட்டாள்.

"உங்கண்ணன் பேச்சு மூச்சில்லாம கிடக்காரு. வாம்மா. வந்துடு."

கடைத்தெருவில் காய்கறி லாரிகள் குறுக்கே நின்றன. வாசலில் நிறுத்தியிருந்தால் சாவியைத் திருப்பினால் போதும். இப்போது அலறிக்கொண்டே ஊர்ந்து வரவேண்டியிருந்தது. ஸ்டியரிங்கைப் பிடித்தபடி அவள் வாய்க்கு வந்ததையெல்லாம் திட்டினாள்; லாரிக்காரனை, தெருவை, மேனேஜரை, அண்ணனை. அண்ணனைத் திட்டும்போது மட்டும் குரல் உடைந்தது.

வண்டியில் கூட வந்த நர்ஸ் அவர் மணிக்கட்டைப் பிடித்துவிட்டு, "நாடி ரொம்ப மெதுவா அடிக்குது, சீக்கிரம்" என்றாள். அண்ணி வண்டிக்குள் ஏறி உட்கார்ந்து கணவன் காலைத் தேய்த்துக்கொண்டே வந்தாள். சாவு வண்டிக்குள் அவள் ஏறியது அதுதான் முதல் தடவை.

பிழைத்துக்கொண்டார். இதயத்தைச் சரியாகத் துடிக்கவைக்க, இடது தோளுக்குக் கீழே தோலைக் கீறி பேஸ்மேக்கர் வைத்தார்கள். "இன்னும் கொஞ்சம் தாமதமாயிருந்தா பேச வேண்டிய தேவையே இருந்திருக்காது" என்றார் டாக்டர். அண்ணன், அண்ணி, அவள் மூன்று பேரும் அதைக் கேட்டார்கள்.

அவரை வீட்டில் கொண்டுவந்து விட்டதும் அவள்தான். கட்டிலில் படுக்கவைத்துத் தலையணையைச் சரிசெய்துகொண்டிருந்தபோது மேனேஜர் விசாரிக்க வந்தார். கூடவே தையல்காரன்.

"பாத்தீங்களா வாத்தியாரே!" மேனேஜருக்கு முகமெல்லாம் சிரிப்பு. "வண்டி தெருவுல நின்னப்ப போனவங்க ஒருத்தர்கூடத் திரும்பல. வண்டிய அனுப்பின பிறகு விழுந்த முதல் ஆள் நீங்க. முழுசா வந்துட்டீங்க. நாம எடுத்த முடிவு சரிதான்னு தெருவே பேசுது."

அவளுக்குச் சிரிப்பு வந்தது, அழுகையும் வந்தது. யாராவது செத்தால் வண்டி நின்றதுதான் காரணம்; யாராவது பிழைத்தால் வண்டி போனதுதான் காரணம். இந்தக் கணக்கில் அவள் எந்தப் பக்கம் நின்றாலும் தோற்றாள்.

"ஆஸ்பத்திரியில இருந்து மறுபடி வண்டிய இங்க நிறுத்தணும்னு கேட்டிருக்காங்க" என்று தொடர்ந்தார் மேனேஜர். "ஞாயித்துக்கிழமை கூடுறோம். நீங்க அனுபவப்பட்டவரு. வந்து ஒரு வார்த்தை சொன்னா போதும்."

அண்ணன் உத்தரத்தைப் பார்த்தார். அவள் தலையணையை விட்டுக் கையை எடுத்தாள்.

"சொல்லு அண்ணே" என்றாள். "டாக்டர் சொன்னதச் சொல்லு. கடைத்தெருவுல எவ்வளவு நேரம் மாட்டிக்கிட்டோம்னு சொல்லு. வேற எதுவும் வேண்டாம். நடந்ததை மட்டும் சொல்லு."

தையல்காரன்கூட ஆவலாக முன்னால் குனிந்தான். அப்பா போன அந்த மத்தியானத்துக்குப் பிறகு அவனுக்குச் சரியான தூக்கமில்லை என்று அவன் மனைவி சொல்லிக்கொண்டிருந்தாள். அண்ணன் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அவன் பிடித்துக்கொண்டிருப்பான்.

அண்ணன் உதட்டை ஈரப்படுத்திக்கொண்டார்.

"என்னால கூட்டத்துக்கெல்லாம் வர முடியாது சார். கையத் தோளுக்கு மேல தூக்கவே கூடாதுன்னு டாக்டர் சொல்லியிருக்காரு."

மேனேஜர் பரிவோடு தலையாட்டினார்.

"அது இடது கை அண்ணே" என்றாள் அவள்.

அண்ணனின் வலது கை போர்வைமேல் கிடந்தது. அதற்கு ஒரு குறையும் இல்லை. அவர் அதை மெதுவாகப் போர்வைக்குள் இழுத்துக்கொண்டார்.

அவள் படியிறங்கி வெளியே வந்தாள். வண்டி வாசலில் நின்றது. எதிர் வீட்டு ஜன்னல் சாத்திக்கொண்டது. சாவியை எடுத்துக் கதவைத் திறக்கும்போது பின்னால் செருப்புச் சத்தம் கேட்டது. அண்ணி. சமையல் கையைத் துணியில் துடைத்துக்கொண்டே ஓடிவந்திருந்தாள்.

"எங்க கிளம்பிட்ட?"

"வண்டிய எடுக்கணுமே அண்ணி. மேனேஜர் வெளிய வர்றதுக்குள்ள போயிடறேன்."

அண்ணி காம்பவுண்டு கேட்டின் இரண்டு கதவையும் விரியத் திறந்தாள். மாடிப்படிக்குக் கீழே கிடந்த மகளின் சைக்கிளைத் தள்ளி ஓரமாக வைத்தாள். ஒரு வண்டி உள்ளே வந்து நிற்கும் அளவுக்கு இடம் கிடைத்தது.

"உள்ள கொண்டாந்து நிறுத்து. மாடிய நேத்தே பெருக்கி வச்சிட்டேன்."

அவள் நம்பமுடியாமல் பார்த்தாள். "அண்ணி, நீங்கதானே சொன்னீங்க, இந்த வண்டி நின்னா சாவு வரும்னு? இப்ப நம்பலயா?"

"நம்புறேன்" என்றாள் அண்ணி. "இப்பவும் பயமாத்தான் இருக்கு. அதுக்கென்ன பண்றது? நீ வண்டிய உள்ள எடு."