சலாமுரே

சப்தம் என்று சதிராட்டத்தில் ஓர் உருப்படி உண்டு. தெலுங்குப் பாட்டு. ராஜாவைப் புகழ்ந்துகொண்டே போய் 'சலாமுரே' என்று முடியும். ஆடுகிறவள் வலது கையை நெற்றிக்குக் கொண்டுபோய் ராஜாவுக்கு சலாம் வைப்பாள். ராஜாக்கள் போனார்கள், ஆட்டம் பரதநாட்டியம் என்று பெயர் மாற்றிக்கொண்டு கிளாசுக்குப் போயிற்று. பல கிளாசுகளில் சலாமைப் பிடுங்கிவிட்டு 'நமோஸ்துதே' என்று போட்டு, கைகூப்ப வைத்து, ஆட்டத்தைச் சுத்தம் செய்துவிட்டார்களாம். இன்றைக்கு ஒருத்தி சலாம் வைத்தால், அவள் அரண்மனையில் ஆடிய தாசி வீட்டில் கற்றவள் என்று விஷயம் தெரிந்தவர்கள் கண்டுபிடித்துவிடுவார்கள்.

என் அம்மா ஒரு ஜமீன் அரண்மனையில் ஆடியவள். ஜமீன் போனபிறகு ஆம்பூருக்கு வந்து தோல் பதனிடும் ஷாப்பில் வேலைக்குச் சேர்ந்தாள். எந்த ஊர், எந்த வீடு என்று இங்கே யாரும் குடைந்து கேட்கவில்லை. கதவைச் சாத்திவிட்டு அக்கா ஹேமலதாவுக்கு ஆட்டமும் எனக்குப் பாட்டும் சொல்லிக்கொடுத்தாள். வெளியில் கேட்டால் கிளாசில் கற்றது என்போம். என் மகள் ரோஷினிக்குக்கூட அவ்வளவுதான் தெரியும்.

ரோஷினியைக் குடியாத்தத்தில் பேசி முடித்திருந்தோம். போன நவராத்திரிக்குச் சம்பந்தி ஆதிகேசவன், தங்கள் வீட்டுக் கொலுவில் அக்கா ஆட வேண்டும், நான் பாட வேண்டும் என்று பிடிவாதமாகக் கேட்டார். மாப்பிள்ளையின் அக்கா சௌம்யா வேலூரில் நடன கிளாஸ் நடத்துகிறாள். சலாமைப் பார்த்தால் கண்டுபிடித்துவிடுவாள்.

"அக்கா, சலாம் வேணாம். நமோஸ்துதேன்னு பாடறேன். நீ கையக் கூப்பு."

"அம்மா வச்ச சலாம்டா அது."

"அம்மா போய்ட்டாங்க. ரோஷினி இருக்கா. கல்யாணம் நின்னா யாருக்குப் பேஜாரு?"

அறுபத்திரண்டு வயதுக்காரியிடம் இப்படித்தான் பேசினேன். பெண்ணைப் பெற்றவன் வேறெப்படிப் பேசுவான்? அக்கா கடைசியில், "சரிடா" என்றாள்.

ஒரு வாரம் நமோஸ்துதே, நமோஸ்துதே என்று பாடிப் பழகினேன். கொலு அன்றைக்குக் கடைசி வரி வந்தது. சொன்ன வாக்குப்படி அக்கா இரண்டு கையையும் சேர்க்கப் போனாள். என் வாயில் வந்தது 'சலாமுரே'.

ஐம்பது வருஷம் பாடிய வாய், அதை என்ன செய்ய? அக்கா என்னைப் பார்த்தாள். சேரப்போன கைகள் பிரிந்தன. வலது கை நெற்றிக்குப் போயிற்று, உடம்பு லேசாக வளைந்தது. அம்மாவே வந்து நின்ற மாதிரி இருந்தது. அக்கா அவ்வளவு சந்தோஷமாக இருந்து நான் பார்த்ததே இல்லை. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், எனக்கு அழுகை வந்துவிட்டது. அந்த வரியை இன்னொரு முறை, இந்தத் தடவை வேண்டுமென்றே, சலாமுரே என்று பாடினேன்.

முடிந்ததும் சௌம்யா எழுந்து வந்தாள். "இப்ப யாரும் சலாம் பாடறதில்லையே. பழைய தாசி வீட்டுப் பாடமாச்சே அது? யார்கிட்ட கத்துக்கிட்டீங்க?"

கெட்ட எண்ணத்தில் கேட்கவில்லை. ஆனால் 'தாசி' என்ற சொல் காதில் விழுந்ததும் ஆதிகேசவனும் அவர் சொந்தக்காரர்களும் திரும்பிப் பார்த்தார்கள். சொல்லிவிடலாம், அம்மாவின் பெயரைச் சொல்லிவிடலாம் என்றுதான் இருந்தது. பாடிய தைரியம் இன்னும் மிச்சமிருந்தது. வாயைத் திறந்தேன்.

அக்கா முந்திக்கொண்டாள்.

"ஐயோ, அதெல்லாம் ஒண்ணுமில்லம்மா. ஆம்பூர்ல எங்களுக்குச் சுத்திலும் பாய் வீடுங்க. எழுந்ததுலேர்ந்து சலாம் சொல்லிச் சொல்லி இவனுக்கு வாய்ல அதான் வருது. தப்பாப் பாடிட்டான். பாட்டு போன பக்கம் நானும் கையைக் கொண்டுபோய்ட்டேன்."

எல்லோரும் சிரித்தார்கள். "ஆம்பூர்காரராச்சே!" என்று ஆதிகேசவன் என் முதுகில் தட்டினார். நானும் சிரித்தேன்.

"நமோஸ்துதேன்னு வரணும் ஆன்ட்டி. கை இப்படி இருக்கணும்" என்று சௌம்யா கைகூப்பிக் காட்டினாள்.

அக்கா அவளைப் பார்த்துப் பார்த்து இரண்டு கையையும் சேர்த்தாள்.

"இப்படியாம்மா?" என்று கேட்டாள்.