மஞ்சள் ஒயரில் எடுத்த படம்

மினியாபோலிஸில் கிரெட்டாவும் இன்னும் மூன்று பேரும் பதினான்கு மாதம் மாரடித்து ஒரு வேலையை முடித்தார்கள். பெரிய வீடியோ கேம் கன்சோல்களுக்கென்று செய்த போர் விளையாட்டை, ரிமோட்டை டிவிக்கு நேரே நீட்டிச் சுடுகிற சின்ன கன்சோலுக்குள் திணிக்கும் வேலை. யானையைக் குடத்துக்குள் இறக்குகிற பாடு.

அது வெளியான அன்றே, அவளுடைய கல்லூரித் தோழன் கர்டிஸ் தன் விமர்சனத் தளத்தில் ஒரு வீடியோ போட்டான். இடப்பக்கம் பெரிய கன்சோலின் துல்லியமான எச்டி படம். வலப்பக்கம் கிரெட்டாவின் விளையாட்டு, கஞ்சியில் முக்கி எடுத்ததுபோல. கிரெட்டா தன் வீட்டு டிவியில் விளையாட்டைப் போட்டுப் பார்த்தாள். இத்தனை மோசமில்லை. சனிக்கிழமை மதியம் பனிச்சேற்றில் காரை ஓட்டி, பாலம் தாண்டி, கர்டிஸ் வசிக்கும் செயின்ட் பாலுக்குப் போனாள்.

கர்டிஸ் கதவைத் திறந்ததும் நேரே டிவிக்குப் பின்னால் குனிந்தாள்.

"மஞ்ச ஒயரா? கடவுளே! மஞ்ச ஒயர்லயாடா படம் புடிச்ச? அதுல எல்லாமே மங்கித்தான்டா தெரியும்!"

"கன்சோல் வந்த பெட்டிக்குள்ள அதுதானே இருந்துச்சு."

"எச்டிக்கு மட்டும் நல்ல ஒயரு, எனக்கு இதுவா?"

"கத்தாத. கன்சோல் வாங்குறவன் எவன் தனியா ஒயர் வாங்குறான்?"

அவன் சொன்னதும் நியாயம்தான். அதுதான் இன்னும் எரிச்சலாக இருந்தது. பையிலிருந்து ஐந்து முனை ஒயரை எடுத்து அவளே மாட்டினாள். படம் தெளிந்தது.

"பரவால்லயே," என்றவன் உடனே, "புகை எங்க? எச்டியில தெரு முழுக்கப் புகை இருக்கே," என்றான்.

"நான்தான் எடுத்தேன். விட்டிருந்தா இந்தச் சின்ன கன்சோல் தாங்காம படம் திக்கித் திக்கி நிக்கும்."

"மரமெல்லாம் அட்டையில வெட்டி வெச்ச மாதிரி இருக்கு."

"தெரியும்டா! ஒவ்வொண்ணா எண்ணாத. சுட்டுப் பாரு."

ரிமோட்டை வாங்கிச் சுட்டான். ஜன்னலில் தலைகாட்டிய மூவரும் மூன்று குண்டில் விழுந்தார்கள். எச்டியில் கட்டைவிரலால் கன்ட்ரோலர் குச்சியைத் தள்ளிக் குறிபார்த்தபோது அதே ஜன்னலுக்கு எதிரே நான்கு முறை செத்ததாக அவனே சொன்னான். ஆனால் முதுகுக்குப் பின்னால் எதிரி வந்ததும், திரும்புவதற்கு ரிமோட்டைத் திரையோரம் வரை இழுக்க வேண்டியிருந்தது. திரும்புவதற்குள் செத்தான். இருபது நிமிடத்தில் தோளைப் பிடித்துக்கொண்டு சோபாவில் சாய்ந்தான்.

"கையை மடியில வெச்சு ஆடணும், மடையா. விளக்கப் புத்தகத்துல எழுதியிருக்கு."

"எவன் படிக்கிறான்?"

"நான் எழுதினேன்!"

கர்டிஸ் சிரித்துவிட்டான். அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. புது ஒயரில் படத்தை மறுபடி பிடித்துத் தளத்தில் போட்டு, பழைய வீடியோவை அவள் கண்ணெதிரே நீக்கினான். 'குறிபார்க்க இதுவே மேல்' என்று விமர்சனத்தில் ஒரு வரியும் சேர்த்தான். விளையாட்டுக்கு முன்பே போட்டிருந்த பத்துக்கு ஆறு என்ற மதிப்பெண்ணை மட்டும் தொடவில்லை.

"ஆறரை போடேன்டா."

"அட்டை மரத்துக்கா?"

கதவைப் படாரென்று சாத்திவிட்டுப் படியிறங்கினாள். திங்களன்று அலுவலகத்தில், புகையை எப்படியாவது திரும்பக் கொண்டுவர முடியுமா என்று உட்கார்ந்து பார்த்தாள். பாதித் தெருவுக்குத்தான் முடிந்தது.